பொட்டு வைத்துக்கொண்ட பார்க்கிங் கோபுரம்

மனிதகுலம் எழுப்பிய கோபுரங்களில் தலையாயது எது என்று யாராவது கேட்டால், யோசிக்காமல் சொல்லிவிடலாம். திருப்பூரில் பனியன் கம்பெனிகள் நெருக்கியடித்து நிற்கும் வீதி ஒன்றின் முனையில் எழுந்திருக்கும் தானியங்கிப் பார்க்கிங் கோபுரம்தான். மற்ற கோபுரங்களில் நாம் மூச்சு வாங்க ஏற வேண்டும். இதில் கார் மட்டும் ஏறிக்கொள்ளும். நாம் கீழே நின்று கும்பிட்டால் போதும்.

சித்ரகலாவும் அன்று காலை அப்படித்தான் காரை மேலே அனுப்பிவிட்டு, பக்கத்துச் சந்திலிருந்த தன் தையல் யூனிட்டுக்கு நடந்தாள். பின் சீட்டில் இருந்ததுதான் அவளிடமிருந்த ஒரே சாம்பிள் பெட்டி. மதியம் நேராக ஓட்டலுக்குப் போய், சாயங்கால விமானத்தில் ஊர் திரும்பும் வெள்ளைக்காரப் பையரிடம், அதாவது சரக்கு வாங்குகிறவரிடம், அதைக் காட்ட வேண்டும். அவர் துணியைத் தொட்டுப் பார்த்து ஆர்டர் கொடுத்தால் தீபாவளிக்குப் பிறகும் யூனிட் ஓடும். இல்லாவிட்டால் பூட்டுத்தான். அன்று ஆயுத பூஜை என்பது பையருக்குத் தெரியாது. தெரிந்திருந்தாலும் விமானம் காத்திருக்காது.

யூனிட்டில் பூஜை முடித்து, எல்லோருக்கும் பொரி கடலை கொடுத்துவிட்டு, கோபுரத்துக்கு வந்து கார்டைத் தேய்த்தாள். எதுவும் அசையவில்லை. “உள்ளே ஆள் இருக்கிறார். தயவுசெய்து வெளியேறவும்” என்று மெஷின் மட்டும் மிகுந்த மரியாதையோடு சொன்னது.

“ஏனுங்கண்ணா, உள்ள யாருங்க?”

“யாருமில்லீங்க அம்மிணி,” என்றார் ஆபரேட்டர் கந்தப்பன். “இப்பத்தான் பூஜை போட்டோம். அதுலயிருந்து இதையேதான் சொல்லிட்டிருக்குதுங்க.”

சித்ரகலா எட்டிப் பார்த்தாள். கந்தப்பன் ஒரு குறையும் வைக்கவில்லை. வாசலில் வாழைக்கன்று, கம்பிகளுக்கெல்லாம் மாலை, ஆள் நடமாட்டத்தைக் கவனிக்கும் சென்சார் கண் ஒவ்வொன்றின் மேலும் அப்பிய சந்தனம், நடுவே குங்குமம். கண்ணை மறைப்பது பொட்டு என்று அறியாத கோபுரம், யாரோ எதிரில் நிற்பதாக நினைத்து, மனித உயிருக்கு மதிப்புக் கொடுத்து நின்றுவிட்டது. இந்த நல்ல குணம் நம்மில் எத்தனை பேருக்கு உண்டு?

“அந்தப் பொட்டைத் தொடச்சு உடுங்கண்ணா!”

கந்தப்பன் காதைப் பொத்திக்கொண்டார். “சிவசிவா! பூஜை போட்ட மெஷினுங்க. நாளைக்கு விடியற வரைக்கும் தொடப்படாது. உங்க கம்பெனில இப்பத் தையல் மெஷின ஓட்டச் சொல்லுவீங்களா?”

சற்று முன்புதான், ஞாபக மறதியாக மெஷினில் கால் வைத்த டெய்லர் ஒருவரை சித்ரகலாவே விரட்டியிருந்தாள்.

கோபுரத்தின் நிர்வாகப் பொறியாளர் இளங்குமரனுக்குக் கந்தப்பன் போன் போட்டார்.

“சென்சார்ல எதாவது ஒட்டியிருக்கா?”

“ஒண்ணுமில்லீங்க சார். சந்தனம் குங்குமந்தான்.”

இளங்குமரன் இரண்டு அதிகாரிகளோடு விரைந்து வந்தார். கோபுர நிழலில் ‘அவசர ஆலோசனைக் கூட்டம்’ கூடியது. பொரி பரிமாறப்பட்டது. பொட்டைத் துடைத்துவிடலாம் என்று ஏகமனதாக முடிவாயிற்று. யார் துடைப்பது என்றதும் மூவருக்கும் ஒரே நேரத்தில் போன் வந்தது. பேசி முடித்துத் திரும்பியவர்கள் தீர்மானத்தைத் திருத்தினார்கள்: ‘இது முற்றிலும் தானியங்கி அமைப்பு என்பதால், பொட்டும் தானாகவே உதிரும்வரை காத்திருப்பது.’

சித்ரகலா முந்தானையை இழுத்துச் செருகினாள். “நானே தொடைக்கறனுங்க. வர்ற பாவம் எனக்கே வரட்டும்.”

“மேடம், உள்ளே போகக்கூடாது. ஆள் உள்ளே போனா மெஷின் நின்னுரும்.”

“நின்னுதானுங்க கெடக்குது!”

“அது வேற. இப்போ அது பாதுகாப்பா நிக்குது.”

பையருக்குப் படம் அனுப்பிப் பார்த்தாள். துணியைத் தொடாமல் ஆர்டர் இல்லை என்று பதில் வந்தது. கெஞ்சினாள். இன்னும் கொஞ்ச நேரம் காத்திருந்துவிட்டு அவர் கிளம்பிப் போனார். சித்ரகலா கோபுரத்தின் படியிலேயே உட்கார்ந்து வாய்விட்டு அழுதாள்.

“அழுவாதீங்க அம்மிணி, நல்ல நாளும் அதுவுமா,” என்று கந்தப்பன் ஒரு பிடி பொரியை நீட்டினார்.

மறுநாள் காலை கற்பூரம் காட்டி, ஈரத்துணியால் ஒரு துடை துடைத்தார். கார் ஒரு கீறல் இல்லாமல் இறங்கி வந்தது. ஆர்டர்தான் வேறு நாட்டுக்கு இறங்கிவிட்டது. தீபாவளி கழித்து யூனிட்டுக்குப் பூட்டு விழுந்தது.

நிர்வாகம் சும்மா இருக்கவில்லை. பொட்டை அழிப்பதுதானே சிக்கல்? அழிக்கவே வேண்டாமென்று வெள்ளி, அமாவாசை, கிருத்திகை நாட்களில் பொட்டு வைப்பதை ‘முறைப்படுத்தி’, அன்றெல்லாம் கோபுரத்துக்கு ஓய்வும் அறிவித்தது. சரக்கும் சாம்பிளுமாகக் கார் மேலே மாட்டிக்கொண்ட கம்பெனிக்காரர்கள் ஒவ்வொருவராக வீதியைக் காலி செய்தார்கள்.

கோபுரத்தின் ஆண்டு விழாவில் இளங்குமரன் பொன்னாடையோடு பேசினார். “கோபுரம் வந்த பிறகு இந்த வீதியில் பார்க்கிங் பிரச்சினையே இல்லை!”

கைதட்டல் வானைப் பிளந்தது. அவர் சொன்னதில் ஒரு சொல்கூடப் பொய்யில்லை. பிழைக்க வருகிறவர்களையெல்லாம் துரத்திவிட்ட பிறகு, வண்டி நிறுத்த இடத்துக்கா பஞ்சம்?