அழற்சி என்றால் என்னவென்றால்

வைத்தியர்களில் பல வகை உண்டு. நாடி பிடிப்பவர், ஊசி போடுபவர், வேர் இடித்துத் தருபவர், வேப்பிலை அடிப்பவர். இவர்களையெல்லாம் உங்களுக்குத் தெரியும். நான் இன்று சொல்லப்போவது இன்னொரு இனத்தைப் பற்றி. இவர் மருந்து தரமாட்டார், அர்த்தம் தருவார். உங்களுக்கு வந்திருக்கும் நோயின் பெயரைக் கேட்டு வாங்கி, உடைத்து, உரித்து, உள்ளே இருக்கும் பருப்பை உங்கள் உள்ளங்கையில் வைத்து, "இவ்வளவுதாங்க விஷயம்" என்பார். நீங்களும் பாதி குணமான நிம்மதியோடு வீட்டுக்கு நடப்பீர்கள். நோயும் உங்கள் பின்னாலேயே வரும்.

இந்த இனம் எல்லா ஊரிலும் இருக்கிறது. நீடாமங்கலத்தில் நல்ல மாதிரி ஒன்று பார்க்க வேண்டுமானால் அருள்ஜோதி சாரைத்தான் பார்க்க வேண்டும். குவைத்தில் ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் வேலை பார்த்து, அங்கே சண்டை வந்தபோது உடுத்திய துணியோடு ஊர் திரும்பியவர். ஆஸ்பத்திரியில் என்ன வேலை என்று ஊரில் ஒருவரும் கேட்டதில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பார், பொய் சொல்கிற மனிதர் இல்லை. படுக்கை விரிப்பு துவைக்கும் பிரிவில் மேற்பார்வை. ஆனால் அத்தனை நோயாளிகள் படுத்துப் புரண்ட விரிப்புகளோடு பழகியவருக்கு நோயைப் பற்றி ஒன்றும் தெரியாது என்று நாம் சொல்லிவிட முடியுமா?

அவர் வந்து இறங்கிய காலமும் அப்படி. எஸ்.டி.டி. பூத் வந்தது, பின்னாலேயே கேபிள் டிவி வந்தது, அதன் பின்னால் ரயிலடி ரோட்டில் ஸ்கேன் சென்டர் வந்தது. அதுவரை எங்கள் பக்கத்தில் வயிற்று வலி என்றால் வயிற்று வலிதான். ஸ்கேன் வந்த பிறகு வலிக்கெல்லாம் பெயர் வைத்தார்கள். பெயர் வைத்த பிறகு அர்த்தம் சொல்ல ஒரு ஆள் வேண்டாமா? ஆகவே ஊரில் ஒரு வழக்கம் தானாக உண்டாகிவிட்டது. ரிப்போர்ட்டை வாங்கியதும் முதலில் அருள்ஜோதி சார், பிறகு டாக்டர். குவைத் பணத்தில் கட்டிய வீட்டின் முன்னால் இரும்புக் கிராதி போட்ட சிட்-அவுட்டில் அவர் தயாராக உட்கார்ந்திருப்பார்.

மூக்குக் கண்ணாடியைத் துண்டால் துடைப்பார். படத்தை உறையிலிருந்து உருவி டியூப் லைட்டுக்கு நேரே பிடிப்பார். சில சமயம் தலைகீழாகவும் பிடிப்பார். அதனால் விளக்கம் மாறியதில்லை. "ம்" என்பார். வந்தவருக்கு அந்த 'ம்'மிலேயே உயிர் பாதி போய்விடும். பிறகு ரிப்போர்ட்டின் அடிவரியில் விரலை ஓட்டி 'இட்டிஸ்' இருக்கிறதா என்று தேடுவார். கிடைத்துவிட்டால் காணாமல் போன ஆட்டைக் கண்டவர் மாதிரி முகம் மலர்ந்துவிடும்.

"இட்டிஸ்னு முடிஞ்சா அழற்சிங்க. முன்னாடி எது நிக்குதோ அதான் இடம். டான்சில் நின்னா தொண்டை, கேஸ்ட்ரோ நின்னா இரைப்பை, ஆர்த்ரோ நின்னா மூட்டு. பஸ்ஸு ஒண்ணுதான், போர்டுதான் மாறும்."

டீக்கடை யூனுஸ் ஒருநாள் கேட்டார்: "அப்ப டயாபடிஸுங்க சார்?"

அருள்ஜோதி சார் அசரவில்லை. "அது சர்க்கரைக்கு வர்ற அழற்சி" என்றார். யூனுஸ் அதற்குப் பிறகு கொஞ்ச நாள் கடைச் சர்க்கரை டின்னை முகர்ந்து பார்த்துவிட்டுத்தான் டீ போட்டார்.

இதுவரை சிரிப்புதான். இனிமேல்தான் ஆரோக்கியம் வருகிறார்.

ஆரோக்கியம் கடைத்தெருவில் தையல் மிஷின் போட்டிருக்கும் பெண்மணி. கணவர் இல்லை. ஒரே மகன் கிளாட்சன், எலக்ட்ரீஷியன் படிப்பு முடித்தவன். அவனுக்கு மஸ்கட்டில் வேலை கிடைத்து, வருகிற சனிக்கிழமை விமானம் என்று ஆகியிருந்தது. "சனிக்கிழமை வரலன்னா அந்த விசால வேற ஆளு போயிடும்" என்று ஏஜெண்ட் கறாராகச் சொல்லியிருந்தான். அந்த வாரம் பார்த்து அவனுக்கு வயிற்று வலி வந்தது. டாக்டர் வலது பக்கம் அடிவயிற்றில் அழுத்திப் பார்த்தார், பையன் கத்தினான். "ஸ்கேன் எடுத்துட்டு ரிப்போர்ட்டோட நேரா என்கிட்ட வாங்க" என்றார் டாக்டர்.

நேராகத்தான் வந்தார்கள். நேராக வரும் வழியில்தான் அருள்ஜோதி சார் வீடு இருக்கிறது.

கிளாட்சன் கிராதியைப் பிடித்துக்கொண்டு நின்றான். அவர் படத்தைத் தூக்கிப் பிடித்தார். 'ம்' சொன்னார். "அக்யூட் அப்பெண்டிசைட்டிஸ்" என்று படித்தார்.

"அக்யூட்டுன்னா என்னங்க சார்?"

"கூர்மை. புத்திக்கூர்மைன்னு சொல்றோம்ல, நல்ல வார்த்தைதான். அப்பெண்டிக்ஸுன்னா குடல்வால். இட்டிஸ் உங்களுக்கே தெரியும், அழற்சி."

"அய்யோ மாதாவே, அழுகிப் போச்சுங்களா?"

இந்தக் கேள்விக்காகவே பிறந்தவர் போல அருள்ஜோதி சார் நிமிர்ந்து உட்கார்ந்தார். "அழுகல் வேறம்மா, அழற்சி வேற. எல்லாரும் இங்கதான் தப்புப் பண்றாங்க. புலவர் ஐயா, நீங்களே சொல்லுங்க."

புலவர் ரெங்கசாமி, ஓய்வு பெற்ற தமிழாசிரியர், தினமும் அந்த வீட்டுக்கு ஓசிப் பேப்பர் படிக்க வருபவர், பேப்பரை மடித்தார். "அழல் என்பது பகுதி. சி என்ற விகுதி சேரும்போது லகரம் றகரமாகத் திரியும். சுழல், சுழற்சி. முயல், முயற்சி. பயில், பயிற்சி. அதுபோல அழல், அழற்சி."

"அப்ப வளர்ச்சி?" என்றார் அருள்ஜோதி சார்.

"அதன் பகுதி வளர். ரகர ஒற்று திரியாது, நடுவில் சகர ஒற்றுத்தான் தோன்றும். கிளர்ச்சியும் அப்படியே."

"கவர்ச்சி?"

"அதுவும்தான்" என்றார் புலவர், கொஞ்சம் குரலைத் தாழ்த்தி.

"சரி, அழல்னா?"

"தீ."

"அடடா, இங்கிலீஷ்லயும் அதேதாங்க. இன்ஃபிளமேஷன். உள்ள ஃபிளேம் இருக்கு பாருங்க, ஃபிளேம்னா நெருப்பு."

"நம்மிடமிருந்து எடுத்திருப்பான்."

"அது லத்தீனுன்னு சொல்வாங்க ஐயா."

"லத்தீனுக்கு யார் கொடுத்தது?"

அருள்ஜோதி சார் லத்தீனை அங்கேயே விட்டுவிட்டு ஆரோக்கியத்தின் பக்கம் திரும்பித் தீர்ப்பைச் சொன்னார்: "ஆக, அழற்சின்னா அழல். அழல்னா தீ. தீயின்னா சூடு. பையனுக்கு உடம்பு சூடும்மா, அதான் விஷயம். எளநீர் குடுங்க. வெந்தயத்த ஊறவச்சு வெறும் வயித்துல குடுங்க. உச்சியில நல்லெண்ணெய் வைங்க."

"ஆபரேஷன் கீபரேஷன்னு ஏதும்..."

"வீடு தீப்பிடிச்சா அணைப்பாங்களா, அறுப்பாங்களா?"

எவ்வளவு அழகான கேள்வி! பதில் சொல்ல முடிகிறதா உங்களால்? ஆரோக்கியத்தாலும் முடியவில்லை. முடியாததில் அவருக்கு ஒரு சந்தோஷமும் இருந்தது, அதை ஏன் மறைக்க வேண்டும்? ஆபரேஷன் என்றால் சனிக்கிழமை போச்சு. இளநீர் என்றால் சனிக்கிழமை இருக்கிறது. எந்த அர்த்தம் நமக்கு வேண்டுமோ அந்த அர்த்தத்தைச் சொல்பவரைத்தானே நாம் படித்தவர் என்கிறோம்? ஆரோக்கியம் ரிப்போர்ட்டை வாங்கக் கையை நீட்டினார், இளநீர்க் கடைக்குப் போக.

அப்போதுதான் கிளாட்சன் கிராதியோடு சரிந்து தரையில் உட்கார்ந்தான். முழங்காலை மடக்கி வயிற்றோடு அணைத்துக்கொண்டான். முகத்தில் வேர்வை முத்து முத்தாக நின்றது. "அம்மா, முடியலம்மா" என்றான், பக்கத்தில் இருப்பவருக்கு மட்டும் கேட்கிற மாதிரி.

ஆரோக்கியம் அவனைப் பார்த்தார். பிறகு இரண்டு பெரியவர்களையும் பார்த்தார்.

"அர்த்தமெல்லாம் நல்லாவே வெளங்கிச்சுங்க சார். ஆனா வலி அங்கயேதான் இருக்கு."

"இரும்மா, மேல ரெண்டு வரி இன்னும் பாக்கல."

ஆரோக்கியம் அவர் கையிலிருந்து ரிப்போர்ட்டை உருவிக்கொண்டார். தெருவில் இறங்கி, போய்க்கொண்டிருந்த ஆட்டோவை மறித்து, மகனைத் தூக்கிப் போட்டுக்கொண்டு போனார். டாக்டர் ரிப்போர்ட்டைப் பார்த்தார், பார்த்த மாத்திரத்தில் தஞ்சாவூருக்குக் கார் பிடிக்கச் சொன்னார். அன்று சாயங்காலமே ஆபரேஷன் நடந்தது. குடல்வால் வெடிக்கிற நிலையில் இருந்ததாம். இளநீர் வாங்கி, சீவி, அவன் குடித்துப் படுத்திருந்தால் விடிந்து பார்க்க ஆள் இருந்திருக்காது என்று வெளியே வந்த சர்ஜன் நடந்ததைக் கேட்டுவிட்டுச் சொன்னபோது, ஆரோக்கியம் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றார். அழக்கூட அவருக்குத் தோன்றவில்லை. சனிக்கிழமை விமானத்தில் அந்த விசாவில் வேறு யாரோ ஒரு பையன் போனான். போகட்டும்.

அருள்ஜோதி சார் கெட்டவர் இல்லை. மறுநாளே ஹார்லிக்ஸ் பாட்டிலோடும் சாத்துக்குடியோடும் தஞ்சாவூர் ஆஸ்பத்திரிக்கு வந்தார். கிளாட்சனின் தலையைத் தடவி, கண் கலங்கி, ஜெபம் பண்ணினார். எல்லாம் உண்மைதான். ஜெபம் முடிந்து கண்ணைத் திறந்தவர் பார்வை அடுத்த கட்டிலில் விழுந்தது.

"உங்களுக்கு என்னான்னு எழுதியிருக்காங்க?"

"என்னமோ கோலிசிஸ்டைட்டிஸுன்னாங்க சார்" என்றார் அந்தக் கட்டில்காரர், பாவம்.

அருள்ஜோதி சார் முகம் மலர்ந்தது. ஸ்டூலை அந்தப் பக்கம் இழுத்தார். ஆரோக்கியம் எழுந்துபோய் ஸ்டூலின் காலைத் தன் காலால் தடுத்தார்.

"அவருக்கு நாளைக்குக் காலையில ஆபரேஷனுங்க சார். அது முடியட்டும், அப்பறமா அர்த்தம் சொல்லுங்க."

நீங்கள் சிரிக்கிறீர்கள். எனக்கும் அதுதான் வேண்டும். ஆனால் சிரிக்கிற வாயை ஒரு நிமிஷம் மூடிவிட்டு உண்மையைச் சொல்லுங்கள். புலவர் சுழற்சி, முயற்சி, பயிற்சி என்று அடுக்கியபோது நீங்களும் மனத்துக்குள் இன்னொன்றைத் தேடினீர்களா இல்லையா? 'நிகழ்ச்சி எதில் சேரும்?' என்று ஒரு கணம் யோசித்தீர்களா இல்லையா? லத்தீனுக்கு யார் கொடுத்தது என்ற இடத்தில் புலவர் பக்கம் சேர்ந்தீர்களா, சார் பக்கம் சேர்ந்தீர்களா? எந்தப் பக்கமானாலும் சரி, அத்தனை நேரமும் அந்தப் பிள்ளை உங்கள் கண் முன்னால்தான் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றான். நீங்கள் அவனைப் பார்க்கவே இல்லை.

அதனால் உங்கள் வீட்டில் யாராவது வயிற்றைப் பிடித்துக்கொண்டு வந்தால் நேராக டாக்டரிடம் போகச் சொல்லுங்கள். உங்களிடம் வரவேண்டாம்.