மச்சான் எழுதாத வரிகள்

ஆரியசாலை,
திருவனந்தபுரம்,
ஐப்பசி மூன்றாம் தேதி.

மரியாதைக்குரிய பெரிய மச்சான் சொரிமுத்து அவர்களுக்கு, உங்கள் தங்கை உலகம்மாளின் கணவனாக முப்பத்தாறு வருடம் குப்பை கொட்டிவரும் பேச்சிமுத்து கும்பிட்டு எழுதுவது. சுரண்டையில் நீங்களும் மதினியும் பேரப்பிள்ளைகளும் சுகமாக இருக்க அம்மன் துணை இருக்கட்டும். இங்கே நாங்களும் சுகம் என்று எழுதத்தான் கை வருகிறது. ஆனால் ஏற்கெனவே சொன்ன பொய்களை வைக்கவே இடமில்லாமல் தவிக்கிறேன், இன்னொன்று எதற்கு? இதைப் போனில் சொல்லலாமே என்று கேட்பீர்கள். உங்கள் காதில் மெஷின் வைத்த பிறகும் உங்களோடு போனில் பேசினால் கடைத்தெரு முழுக்கக் கேட்கிறது. இது கடைத்தெரு கேட்கிற விஷயம் இல்லை.

விஷயம் இதுதான். உங்கள் தங்கை எழுத்துப் படித்துவிட்டாள்.

போன மாசியில் எங்கள் வார்டு வாசகசாலையிலிருந்து ஆதிரா என்றொரு பெண் நோட்டும் பேனாவுமாக வீடு வீடாக வந்தது. வாசலில் நின்று, "சேட்டா, சேச்சிக்கு எழுத்து படிக்கான் இஷ்டமுண்டோ?" என்று கேட்டது. "இந்த வயசில எந்தினா மோளே, படிக்க வேண்டியதெல்லாம் நான் படிச்சுக் குடுக்கேன்லா" என்று நான் பெருமையாகச் சொல்லி முடிப்பதற்குள் அடுக்களையிலிருந்து கரண்டியோடு வந்தாள் உங்கள் தங்கை. "எம்பேர எழுதிக்கோ மோளே. உலகம்மாள். அடுத்த தடவ வரும்போ நானே எழுதித் தாரேன்" என்றாள். சொன்னபடியே எழுதியும் கொடுத்தாள், மலையாளத்தில். அன்று பிடித்தது எனக்குச் சனி.

உங்களிடம் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். நான் மலையாளம் பேசினால் இங்கேயே பிறந்தவன் என்றுதான் சொல்வார்கள். ஆனால் மலையாள எழுத்து எனக்கு ஒன்றுகூடத் தெரியாது. எட்டாம் வகுப்புத் தமிழோடு வண்டி ஏறியவன் நான். மொத்தக்கடையில் மிளகும் மல்லியும் எடை போடுகிறவனுக்கு எண் தெரிந்தால் போதும் என்று இருந்துவிட்டேன். இதை உலகம்மாளிடம் மட்டும் சொல்லவில்லை. எழுத்துத் தெரியாத மனைவிக்கு எல்லா எழுத்தும் தெரிந்த புருஷனாக இருப்பதில் ஒரு சுகம் உண்டு, மச்சான். பஸ் போர்டாகட்டும், ரேஷன்கடைப் பலகையாகட்டும், கண்ணைச் சுருக்கி ஒரு பார்வை பார்த்துவிட்டுப் பக்கத்தில் நிற்பவனிடம் மெதுவாகக் கேட்டுக்கொள்வேன். முப்பத்தாறு வருடம் ஒரு குறையும் இல்லாமல் ஓடியது.

இப்போது பாருங்கள். நான் பீடிக்கட்டை எடுத்தால் அதன் மேல் எழுதியிருப்பதை முதலிலிருந்து கடைசிவரை உரக்க வாசிக்கிறாள். வாசித்து முடிக்கிற நேரத்தில் எனக்குப் பீடி வெறுத்துப்போகிறது. அதையாவது ஆரோக்கியம் என்று எடுத்துக்கொள்ளலாம். தினமும் காலையில் தங்கப்பன் சாயாக்கடையில் அரைமணி நேரம் பத்திரிகை விரித்துப் படிக்கிற ஆள் நான். எல்லாரும் எப்போது பக்கம் திருப்புகிறார்களோ அப்போது நானும் திருப்புவேன், படங்களைப் பார்த்து 'ச்சே' கொட்டுவேன். ஆவணியில் ஒருநாள் அப்படிப் படித்துவிட்டு வீட்டுக்கு வந்தவனிடம், "பேப்பர்ல என்ன போட்டிருக்கு?" என்று கேட்டாள். "ஒண்ணும் விசேஷமில்ல" என்றேன். அவள் குடம், அண்டா, சருவம், குக்கர், என் ஷேவிங் கிண்ணம் உட்பட எல்லாவற்றிலும் தண்ணீர் பிடித்து வைத்தாள். இரண்டு நாள் எங்கள் பக்கம் குழாயில் தண்ணீர் வராது என்று வாசகசாலைப் பேப்பரில் முதல் பக்கத்திலேயே போட்டிருந்ததாம். கதையைக் கேள்விப்பட்ட தங்கப்பன் இன்றுவரை, "அண்ணாச்சி, பத்ரம் வாயிச்சோ?" என்று பேப்பர் படித்ததை விசாரித்துவிட்டுத்தான் சாயாவையே வைக்கிறான்.

அதோடு விட்டதா? கடை முதலாளி மகள் கல்யாணம் நெடுமங்காட்டில். கிழக்கேகோட்டையில் ஒரு பஸ் வந்து நின்றது. பக்கத்தில் கேட்க ஆளில்லை. பழைய பழக்கத்தில் கண்ணைச் சுருக்கிப் பார்த்துவிட்டு, "ஏறு ஏறு, இதுதான்" என்றேன். "இது விழிஞ்ஞம் போற வண்டில்லா?" என்றாள். "ஆறு மாசம் படிச்சவ எனக்குச் சொல்லித்தாரியோ? பேசாம உக்காரு" என்றேன். பேசாமல் உட்கார்ந்தாள். 'கடைசி ஸ்டாப்புக்கு ரெண்டு' என்று நான் டிக்கெட் வாங்கும்போதும் பேசவில்லை, கடல் தெரிந்தபோதும் பேசவில்லை. பட்டுச்சேலையோடு விழிஞ்ஞத்தில் இறங்கி, "வந்ததுதான் வந்தாச்சு, மீன் வாங்கிட்டுப் போவோம்" என்றாள். முகூர்த்த நேரத்தில் நான் கசவு வேட்டி கட்டிக்கொண்டு கையில் ஒரு பை சாளை மீனோடு நின்றேன். முதலாளி இன்னும் என்னோடு முகம் கொடுத்துப் பேசவில்லை.

இதெல்லாம்கூடப் போகட்டும். நான் பயப்படுவது டிரங்குப் பெட்டியில் இருக்கிறது. போன் வருவதற்கு முன்னால் நீங்கள் அவளுக்கு எழுதிய கடிதங்கள், மொத்தம் இருபத்திரண்டு, சிவப்பு ரிப்பன் கட்டி வைத்திருக்கிறாள். இன்றும் ஞாயிற்றுக்கிழமை சாப்பிட்டு முடித்ததும் ஒன்றை உருவிக் கொண்டுவந்து, "இத வாசிங்க" என்பாள். நானும் வாசிப்பேன். மச்சான், கோபப்படாதீர்கள், நீங்கள் எழுதியதை அப்படியே நான் ஒருநாளும் வாசித்ததில்லை.

தொண்ணூற்றொன்பதில் உங்கள் புது வீட்டுப் பால்காய்ப்புக்குத் தங்கை பத்து நாள் முன்னதாகவே வரவேண்டும் என்று எழுதியிருந்தீர்கள். அதற்கு முந்தின தடவை ஊருக்கு வந்தவள் நாற்பது நாள் கழித்துத் திரும்பினாள். நான் ஓட்டலில் தின்று வயிறு கெட்டுக் கிடந்தேன். அதனால் அந்த வரிகளைத் தாண்டி, 'இங்கு மழை இல்லை, பசு கன்று போட்டிருக்கிறது' என்று வாசித்து முடித்தேன். இன்றும் கோபம் வந்தால், "எங்கண்ணன் வீடு பால்காய்ச்சினதுக்கு ஒரு வார்த்த கூப்பிடல்லியே" என்று கண்ணைத் துடைப்பாள். நான் உடனே ஓடிப்போய்ச் சாயாக்கடைப் பழம்பொரியும் பிச்சிப்பூவும் வாங்கிவருவேன். பழி உங்கள் மேல், செலவு என் மேல்.

எடுத்தது அந்த ஓர் இடத்தில்தான். சேர்த்தது எல்லாக் கடிதத்திலும். உங்கள் கடிதத்தில் உரம், மழை, மதினியின் முதுகுவலி இவை தவிர ஒன்றும் இருக்காது. வாசித்துக்கொண்டே நிமிர்ந்தால் அவள் வாயைப் பிளந்தபடி கேட்டுக்கொண்டிருப்பாள். அந்த முகத்துக்கு வெறும் உரத்தைக் கொடுக்க எனக்கு மனசு வரவில்லை. 'என் தங்கச்சி கால் வைத்த வீட்டுக்கு ஒரு குறையும் வராது' என்று நீங்கள் எழுதியதாக வாசித்தேன். 'அவள் கைப் புளிக்குழம்புக்கு இந்தச் சுற்று வட்டாரத்தில் ஆளில்லை' என்று வாசித்தேன். 'பேச்சிமுத்து கொடுத்துவைத்தவர்' என்றும் ஒரு கடிதத்தில் இருக்கிறது. இதையெல்லாம் அவள் முகத்துக்கு நேரே சொல்ல எனக்கு வாய் வராது, மச்சான். உங்கள் பெயரில் சொன்னால் வந்தது. அடுத்த முறை மறந்துவிடக் கூடாதே என்று, சேர்த்த இடத்தில் எல்லாம் ஓரத்தில் பென்சிலால் சின்னதாக ஒரு புள்ளி வைத்திருக்கிறேன்.

இப்போது மலையாளப் பரீட்சை முடிந்ததும் பக்கத்து வீட்டு ஜெபமலரிடம் தமிழ் படிக்கப் போகிறேன் என்கிறாள். ஞாயிறு பள்ளியில் பிள்ளைகளுக்கு அட்சரம் சொல்லிக்கொடுக்கிற அம்மாள் அவர்; விட்டால் எருமையைக்கூட வாசிக்கவைத்துவிடுவார். படித்ததும் முதல் காரியமாக அண்ணன் காயிதங்களைத்தான் வாசிக்கப் போகிறாளாம். வாசித்தால் அழைத்தது இருக்கும், புகழ்ந்தது இருக்காது. முப்பத்தாறு வருடத்தில் அவளுக்கு நான் கொடுத்த நல்ல வார்த்தை அத்தனையும் ஒரே மத்தியானத்தில் போய்விடும்.

ஆகவே உங்கள் காலில் விழுந்து கேட்டுக்கொள்கிறேன். கடை மேஜையின் அடியில் பழைய இன்லண்ட் பதினொன்றுதான் கிடந்தது, இத்துடன் வைத்திருக்கிறேன்; மீதிக் கடிதங்களுக்கு வெறுந்தாள் போதும். நான் வாசித்தபடியே எழுதி, பழைய தேதி போட்டு, எலிக்கும் டீக்கறைக்கும் கொஞ்சம் காட்டிவிட்டு, கார்த்திகைக்குள் கடை விலாசத்துக்கு அனுப்புங்கள். பால்காய்ப்பைப் பற்றி மட்டும் மூச்சு விடவேண்டாம். வரிகளை எல்லாம் தனித்தாளில் எழுதியிருக்கிறேன். இடுப்பு பிடித்திருப்பதால் இந்தக் கவரைத் தபாலில் போட அவளிடமே கொடுத்துவிடுகிறேன். பயமில்லை, தமிழ் இன்னும் அவளுக்குக் கோழிக்கிறுக்கல்தான்.

மதினியின் முதுகுக்கு என் விசாரிப்பு. பெரியவர்களுக்கு வணக்கமும் சின்னவர்களுக்கு ஆசியும் சொல்லவும். என் மானம் இனி உங்கள் பேனாவில்.

கீழ்ப்படிந்த
பேச்சிமுத்து

பி.கு.: அண்ணே, இத எழுதுறது உலகம்மாள். நானே எழுதுறேன். கவர்ல சோத்துப்பசைய ஒழுங்கா தேய்க்கல்ல, பாதி வழியில தொறந்துக்கிட்டு. வைகாசியிலயே ஜெபமலர் அக்காகிட்ட தமிழும் படிச்சாச்சு. அவிய கடைக்குப் போன பொறவு மத்தியானம் மத்தியானம் படிச்சேன். உங் காயிதம் இருபத்திரண்டும் வாசிச்சு முடிச்சேன்.

பால்காய்ப்புக்குக் கூப்பிட்டது அன்னைக்கே தெரியும். நாலு பக்கம் எழுதின காயிதத்த ரெண்டு வரியில வாசிச்சா யாருக்குத்தான் தெரியாது? ஜெபமலர் அக்காட்ட குடுத்துக் கேட்டேன். அப்ப மதினிக்கும் எனக்கும் பேச்சு இல்ல பாத்தியா, வராம இருக்க ஒரு காரணம் கெடச்சதுன்னு இருந்துட்டேன். பழம்பொரியும் நல்லாத்தான் இருந்துச்சு.

அந்தப் புள்ளியும் தெரியும். அட்சரம் ஒண்ணும் தெரியாத காலத்துலயே, அவிய கண்ணு அந்த எடத்துக்கு வந்ததும் கொரலு மாறும். புள்ளி இருந்தா அது அவிய சொல்லுறது. நான் மொதல்ல படிச்ச எழுத்து அதுதான். புள்ளி நெறைய இருக்கிற காயிதமாப் பாத்துத்தான் ஞாயித்துக்கெழம எடுத்துக்கொண்டு போவேன்.

இன்லண்டுல ஒண்ணும் எழுதவேண்டாம், பதினொண்ணையும் நான் எடுத்து வச்சுக்கிட்டேன். நான் தமிழ் படிச்சது அவியளுக்குத் தெரியவேண்டாம்; இனிமேதான் படிக்கப்போறேன்னு சொன்னது சும்மா வெரட்டத்தான், அதையும் வேண்டாம்னு சொல்லிருதேன். போன் வந்ததும் நீ காயிதம் போடுறத விட்டுட்ட, புது வார்த்த கேட்டுப் பதினஞ்சு வருசம் ஆவுது. இனி மாசம் ஒண்ணு போடு. மழையும் உரமும் எழுதினாப் போதும். ஓரத்துல மட்டும் நெறைய எடம் விடு.