பெண் பார்க்க வந்தவர்களுக்குக் கொடுத்த ஜூஸ்

ரந்தாவ்,
வியாழக்கிழமை

அன்புள்ள மச்சான் திவாகரனுக்கு,

லோபாக்கில் நீங்களும் பிள்ளைகளும் சுகமாக இருப்பீர்கள். இங்கே உங்கள் தங்கை கோமளா சுகம். நானும் சுகம் என்று எழுதுவது வழக்கம், எழுதிவிட்டேன்.

நீங்கள் கொண்டுவந்த லாபு ஊர்ச் சம்பந்தம் கைநழுவிப் போய்விட்டது என்றே நினைக்கிறேன். குற்றவாளி நான்தான். சீனப் பெருநாளுக்குக் கடைக்காரர் கொடுத்த ஆரஞ்சு இரண்டு பெட்டி வீட்டில் கிடந்தது. பெண் பார்க்க வருகிறவர்களுக்குப் போத்தல் ஜூஸா என்று ரோஷப்பட்டு, முந்தின நாளே தோலை உரித்து, கொட்டையோடு அரைத்து, வடிகட்டி ஐஸ்பெட்டியில் வைத்தேன். முப்பது வருஷம் எஸ்டேட்டில் கணக்கெழுதும் கிராணியாக இருந்தவனுக்கு எதையும் முந்தின நாளே முடித்தால்தான் தூக்கம். ஒரு வாய் குடித்தும் பார்த்தேன், தேன். மறுநாள் மகள் துஷ்யந்தி அதைத்தான் தட்டில் ஏந்தி வந்தாள். மாப்பிள்ளை சதீசனின் தாயார் பேபி அக்கா ஒரு மிடறு குடித்துவிட்டு என்னையே பார்த்தார். பெண் கையால் கொடுத்ததை மிச்சம் வைத்தால் பெண்ணை வேண்டாம் என்று ஆகிவிடுமே, வந்த ஆறு பேரும் அடிவரை குடித்தார்கள். ருசியில் சொக்கிவிட்டார்கள் என்று நினைத்து, "இன்னொரு கிளாஸ் குடிங்க லா, வெக்கப்படாதீங்க" என்று நானே ஊற்றினேன். அதையும் குடித்தார்கள். போகும்போது பேபி அக்கா மட்டும், "யோசிச்சுச் சொல்றோம்" என்றார்.

கார் போன பிறகுதான் நான் மறுபடி குடித்துப் பார்த்தேன். வேப்பெண்ணெய் பரவாயில்லை, மச்சான். நீலாயில் உணவுப் பொருள் சோதிக்கும் லேபில் வேலை பார்க்கும் துஷ்யந்தி தலையில் கை வைத்துக்கொண்டாள். "அதுல லிமோனின்னு ஒன்னு இருக்குப்பா. அரைச்ச ஒடனே தெரியாது, வெச்சிருந்தா மெதுவா கசப்பு ஏறும். கொட்டையையும் சேத்து அரைச்சா சும்மா விடுமா?" என்றாள். அவளுக்குச் சதீசனைப் பிடித்திருக்கிறது. வாய் திறந்து சொல்லவில்லை, ஆனால் நான்கு நாளாக என்னோடு சாப்பிட உட்காரவில்லை. உங்கள் தங்கை என் தேநீரில் சீனி போடுவதை நிறுத்திவிட்டாள், அதைக்கூடப் பொறுத்துக்கொள்வேன். மகள் சாப்பிட உட்காராததுதான் தாங்கவில்லை.

ஆகவே தயவுசெய்து ஒரு கிலோ லட்டோடு லாபு வரை போய், எனக்காக மன்னிப்புக் கேளுங்கள்.

பிள்ளைகளுக்கு என் ஆசிகள்.

இப்படிக்கு,
களைத்துப்போன
முருகேசு

பி.கு.: லாபுவுக்குப் போக வேண்டாம். இதை மடிக்கும்போது பேபி அக்கா போன் செய்தார். வந்த ஆறு பேரில் ஐந்து பேருக்குச் சர்க்கரை வியாதியாம். "போற வீட்ல எல்லாம் சீனிய அள்ளிக் கொட்டுறாங்க. நீங்கதான் எங்க ஒடம்ப நெனச்சுக் கசப்பா குடுத்தீங்க. பொண்ண எங்களுக்குப் பிடிச்சிருக்கு" என்றார். ஞாயிறு தட்டு மாற்ற வருகிறார்கள், அதே ஜூஸ் வேண்டுமாம். மிச்சத்தை அன்றே கொட்டிவிட்டோம். ஒத்திகையாகப் புதிதாக ஒரு ஜாடி அரைத்து வைத்து, அரை மணிக்கொரு தரம் குடித்துப் பார்க்கிறேன். பாழாய்ப் போனது இன்னும் இனிக்கிறது. துஷ்யந்தி என் பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டே, "பயப்படாதீங்கப்பா, நாளைக்குக் கசக்கும்" என்கிறாள்.