சாமி படங்களோடு தொங்கிய தீர்ப்பு

பிரேம் போட்டு மாட்டிய எதையும் நம் ஆட்கள் படிப்பதில்லை. பொட்டு வைத்துக் கும்பிடுவதோடு சரி. இந்த ஞானம் எனக்குச் சும்மா வரவில்லை, கோர்ட்டுப் படி ஏறித்தான் வந்தது.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பதுகளின் தொடக்கம். மலாக்கா டவுனில் ஒரு வக்கீல் ஆபீசில் கிராணி வேலை, அதாவது குமாஸ்தா வேலை, கிடைத்ததும் கோட்டு ஒன்று தைத்துக்கொண்டு பாதி வக்கீலாகவே நடமாடினேன். (மீதிப் பாதிக்குத்தான் படிப்பு வேண்டுமாம்.) அந்தக் கோட்டைப் பார்த்து மயங்கித்தான் பாயா ரும்புட் ரப்பர் தோட்டத்து ரெங்கசாமி மாமா தன் மகள் சிவகாமியை எனக்குத் தருவதாகச் சொல்லியிருந்தார்.

மாமாவின் அப்பா அங்கே மாரியம்மன் கோயில் தர்மகர்த்தாவாக இருந்து காலமானவர். அவர் போனதும் கோயில் சாவியை மாமா எடுத்து இடுப்பில் செருகிக்கொண்டார். தோட்டத்து ஜனங்களோ, தர்மகர்த்தாவைத் தேர்ந்தெடுப்பது எங்கள் உரிமை என்று கோர்ட்டுக்குப் போய்விட்டார்கள். மாமா அசரவில்லை. அவர் வீட்டுச் சாமி படங்களுக்கு நடுவே ஒரு கோர்ட்டுத் தீர்ப்பு தொங்கிக்கொண்டிருந்தது. கோயில் கட்ட முன்னின்ற கங்காணி, "இது என் குடும்பச் சொத்து" என்று உரிமை கொண்டாடியபோது, மாமாவின் அப்பா வழக்காடி ஜெயித்த தீர்ப்பு அது. வெள்ளிக்கிழமை தவறாமல் அதற்குச் சந்தனம், குங்குமம், சாம்பிராணி.

"மாப்பிள்ள, கோர்ட்டுல ஒரு தடவ சொன்னா சொன்னதுதான லா?"

"ஆமா மாமா. அதே கோயிலு, முன்னயே தீர்ப்பாயிருச்சு. இனி யாரும் வாயத் தெறக்க முடியாது" என்றேன்.

கண்ணாடி வழியே தெரிந்தது கடைசிப் பக்கம் மட்டும். மாமாவின் அப்பாவே தர்மகர்த்தா என்று அதில் ஆங்கிலத்தில் தெளிவாக இருந்தது. மற்ற பக்கங்கள் பின்னால் அடுக்கி வைக்கப்பட்டிருந்தன. பிரேமைக் கழற்றினால் தெய்வக் குற்றம் என்றார் மாமா. எனக்கும் சௌகரியமாகப் போயிற்று. மாமாவுக்காக வழக்கை எடுத்துக்கொண்ட எங்கள் ஆபீஸ் வக்கீலிடம், முழுக்கப் படித்துவிட்டேன் என்று சொல்லிவைத்தேன்.

விசாரணை அன்று மாமா பிரேமை மாலையோடு மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் வந்து இறங்கினார். எங்கள் வக்கீல் யாழ்ப்பாணத்துக்காரர். "தம்பி, மாலை போட்ட கண்ணாடியை நீதிபதித் துரையிட்டக் குடுக்கேலாது. கடதாசியை வெளியில எடும்" என்றார்.

கோர்ட்டு வராந்தாவில் உட்கார்ந்து ஆணியைப் பிடுங்கினேன். நடுப்பக்கம் கண்ணில் பட்டது. இந்தக் கோயில் வழிபடும் ஜனங்களின் பொதுத் தர்மம். எந்தக் குடும்பத்துக்கும் வாரிசுரிமை கிடையாது. ஜனங்கள் தேர்ந்தெடுத்த மாமாவின் அப்பா தம் ஆயுள்வரை மட்டுமே தர்மகர்த்தா. கங்காணியைத் துரத்த அப்பா வாங்கிய வாசகம், இப்போது மகனைத் துரத்த வந்து நின்றது. சாவி போவது இருக்கட்டும், சிவகாமியும் அல்லவா போகப் போகிறாள்!

"சத்தமாப் படிங்க மாப்பிள்ள, அவங்களும் கேக்கட்டும் லா!" மாமா எதிர்த்தரப்பு ஆட்களைப் பார்த்து மீசையைத் தடவினார்.

"ரொம்ப... நல்லா எழுதியிருக்காங்க மாமா."

வக்கீல் எட்டிப் பார்த்து, அந்தப் பக்கத்தை வாங்கிப் படித்துவிட்டு என்னை ஓரமாக இழுத்தார். "முழுக்க வாசிச்சனீர் எண்டு சொன்னீரே? நீர் எந்தப் பக்கத்து ஆள்?"

"மறைச்சிடலாமா சார்?"

"கோர்ட்டுத் தீர்ப்பை ஒளிக்கிறதோ? சமாதானமாப் போகச் சொல்லி உம்மட மாமாவிட்டச் சொல்லும்" என்று பக்கத்தை என் கையிலேயே திணித்தார்.

மாமா பார்க்கப் பார்க்க, அவரிடம் எதுவும் சொல்லாமல் பக்கத்தைக் கோட்டுக்குள் செருகினேன். அதற்குள் வழக்கைக் கூப்பிட்டுவிட்டார்கள்.

இந்தக் கோயிலைப் பற்றி முன்பு ஏதாவது தீர்ப்பு உண்டா என்று நீதிபதித் துரை கேட்டார். எதிர்த்தரப்பு வக்கீல் தெரியாது என்று உதட்டைப் பிதுக்கினார். எங்கள் வக்கீல் மெதுவாக எழுந்தார். துபாஷி தமிழில் சொன்னதுதான் தாமதம், வக்கீலை முந்திக்கொண்டு மாமா துள்ளி எழுந்தார். "இருக்கு துரை! என் மாப்பிள்ள பத்திரமா கோட்டுக்குள்ள வச்சிருக்காரு!"

வேர்வையும் குங்குமமும் அப்பிய பக்கத்தை எடுத்து நீட்டினேன். துரை நிதானமாகப் படித்தார். இது ஏற்கெனவே முடிந்துபோன விஷயம், தகப்பன் எதைச் சொல்லி ஜெயித்தாரோ அதை மகன் மறுக்க முடியாது என்றார். சாவி மாமாவின் இடுப்பிலிருந்து இறங்கியது.

வெளியே வந்ததும், கல்யாணம் போச்சு என்று நான் தலையைக் குனிந்துகொண்டேன். மாமா வக்கீலைப் பார்த்து, "இவர வெளிய விட்டா இன்னும் யாரு யாருக்கு ஜெயிச்சுக் குடுப்பாரோ. நம்ம வீட்டுக்குள்ளயே வச்சுக்குவோம் லா" என்றார்.

காலியான அந்தப் பிரேமில் இப்போது எங்கள் கல்யாணப் படம் தொங்குகிறது. வீட்டுக்கு யார் வந்தாலும் சிவகாமி அதைக் காட்டிச் சொல்வாள்: "இவருகிட்ட ஏதாச்சும் காயிதம் குடுத்தா, படிச்சாச்சான்னு கேக்காதீங்க. கோட்டக் கழட்டிப் பாருங்க."