ரெண்டும்சரியின் வெண்காரி நாடு

பொய் சொல்லிக் குழப்புகிறவர்கள் தெருவுக்குத் தெரு உண்டு. உண்மையை மட்டுமே சொல்லி ஊரைக் குழப்பியவர் இந்த உலகத்திலேயே ஒருவர்தான். அறுபதுகளில் அவர் பம்பாய் மாதுங்காவில், என் கட்டிலுக்கு எதிர்க்கட்டிலில் குடியிருந்தார். அப்பா அம்மா வைத்த பெயர் ஒன்று இருந்திருக்கும். எங்களுக்கு அவர் 'ரெண்டும்சரி'.

பகலில் ஃபோர்ட்டில் ஒரு கப்பல் கம்பெனி டைப்பிஸ்ட். மற்ற நேரமெல்லாம் வெண்காரி நாட்டுப் பிரஜை. பூகோளப் புத்தகத்தைப் புரட்ட வேண்டாம். அந்த நாடு அவர் மண்டைக்குள் இருந்தது. அங்கே கிழக்கே ஒரு சூரியன், மேற்கே ஒரு சூரியன். எந்தப் பொருளுக்கும் இரண்டு நிழல், எதிரெதிர்த் திசையில் விழும். அதைப் பார்த்துப் பார்த்து அந்த ஊர் ஞானிகள் ஒரு தத்துவமே கண்டுவிட்டார்களாம். நிழல் இரண்டு என்றால் உண்மையும் இரண்டு, ஒன்றுக்கொன்று நேர் எதிர். ஒன்றை மட்டும் சொல்லி நிறுத்துகிறவனுக்கு அங்கே 'அரைவாயன்' என்று பெயர். அவனோடு யாரும் பந்தியில் உட்கார மாட்டார்களாம்.

"அந்தத் தத்துவத்தைக் கண்ட குரு இருக்காரா ஓய்?" என்று அறையின் மூன்றாவது ஆளான மணி ஒரு நாள் கேட்டான்.

"இருக்கார். காலமாயிட்டார். தினம் இலை போட்டு சாதம் பரிமாறுவா. வருஷா வருஷம் திவசமும் உண்டு."

"திவசச் சாப்பாட்டை யார் சாப்பிடறது?"

"அவரேதான். பின்னே, பசிக்காதா?"

மணி அன்றைக்கு ஆபீஸுக்குத் தப்பான ரயிலில் ஏறிவிட்டான்.

மெஸ்ஸில் பாலக்காட்டு மேனேஜர், "சாம்பார் எப்படி?" என்று கேட்பார். "அமிர்தம். வாயில வைக்க வழங்கலை" என்பார் இவர். மனிதர் கரண்டியும் கையுமாக நின்று யோசித்து, கடைசியில் அரைக் கரண்டி விட்டுவிட்டுப் போவார்.

ஒரு தடவை கல்யாணில் இருந்த அவர் தங்கை வீட்டுக்கு என்னையும் சாப்பிடக் கூட்டிப் போனார். தாதர் பிளாட்பாரத்தில் தாராவித் திருநெல்வேலிக்காரர் ஒருவர் மூட்டையோடு வந்து கேட்டார்.

"வே, இந்த வண்டி விக்ரோலியில நிக்குமா?"

"நிக்காது. நிக்கும்."

"வெளாடுதீரா? ஒண்ணச் சொல்லும்வே!"

"ஒண்ணு சொன்னா பொய் சொன்ன மாதிரி ஆயிடும்."

மூட்டைக்காரர் வாயைப் பிளந்துகொண்டு நிற்கும்போதே எங்களை ஏற்றிக்கொண்டு வண்டி கிளம்பிவிட்டது. அது விக்ரோலியில் நிற்கக் கூடாத ஃபாஸ்ட் வண்டி. அன்று பார்த்து விக்ரோலியில் சிவப்பு விளக்கு விழுந்து நின்றே நின்றது. ரெண்டும்சரி என்னைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டார். எனக்கு லேசாகப் பயம் வந்தது.

அந்தச் சமயத்தில்தான் எனக்குச் செம்பூரில் பெண் பார்த்திருந்தார்கள். பெயர் விசாலம். பஜ்ஜித் தட்டை நீட்டும்போது ஒரு தரம் நிமிர்ந்து பார்த்தாள். அதோடு எனக்கு வேலையும் ஓடவில்லை, தூக்கமும் வரவில்லை.

பம்பாயில் அப்போது ஒரு வழக்கம். பையனைப் பெற்றவர்கள் ஊரில் இருப்பார்கள். ஜாதகம் பார்த்தால் கிரகம் தெரியும், குணம் தெரியாதே! அதனால் பெண்ணின் அப்பா சொல்லாமல் கொள்ளாமல் பையனின் அறைக்கு வந்து, கூட இருப்பவர்களை விசாரிப்பார். அவர்களும் வாய் கூசாமல் 'தங்கமான பையன்' என்பார்கள். நாளைக்கு அவர்களுக்கும் இப்படி ஒரு விசாரணை வருமே!

ஞாயிற்றுக்கிழமை செம்பூர் மாமா வருகிறார் என்று காற்றுவாக்கில் சேதி கிடைத்தது. மணிக்கு வேண்டிய பாடமெல்லாம் சொல்லி வைத்தேன். ரெண்டும்சரியைக் காலையிலேயே கல்யாணுக்கு விரட்டினோம். அவர் குர்லா வரை போய்த் திரும்பி வந்துவிட்டார். கேட்டதற்கு, "போனேன், போகலை" என்றார்.

அவரை மறுபடி விரட்டுவதற்குள் மாமாவே வந்துவிட்டார். நான் அப்போது மோரிக்குள். அறை மூலையில் இடுப்புயரச் சுவர் கட்டித் திரை போட்ட குளிக்குமிடம் அது. நான் கீழே குந்தி, தலை முழுக்க சோப்போடு இருந்தேன். வருங்கால மாமனார் முன்னால் துண்டோடு எப்படி வெளியே வருவது? மணியோ மாமாவைக் கண்ட பதற்றத்தில் காப்பி வாங்கி வர மெஸ்ஸுக்கு ஓடிவிட்டான்.

"பையன் எப்படி?" என்றார் மாமா.

"தங்கம்" என்றார் ரெண்டும்சரி. நான் மூச்சு விட்டேன். "ஆனா நம்பப்படாது."

"சிகரெட்...?"

"தொட மாட்டான். என்னோடதை ஊதித் தீர்த்துடுவான்."

"கோபம் வருமோ?"

"பரம சாது. போன வாரம் தலகாணியால என்னைச் சாத்தினான்."

மாமாவின் குரல் கம்மிவிட்டது. "பொண்ணைக் குடுக்கலாமா, கூடாதா?"

"தாராளமாக் குடுங்கோ. குடுக்காதீங்கோ. வெண்காரியில இப்படித்தான் பதில் சொல்லணும்."

"அது எங்கே இருக்கு?"

"எங்கயும் இல்லை மாமா. நான் அங்கதான் இருக்கேன்."

செருப்புச் சத்தம் மாடிப்படியில் தடதடவென்று இறங்கியது. கண்ணில் சோப்பு எரிய வெளியே பாய்ந்தேன்.

"உம்ம வெண்காரியில இடி விழ! எல்லாம் போச்சு ஓய்!"

"பொய் ஒண்ணும் சொல்லலையே" என்றார், நிஜமாகவே விளங்காமல்.

"அவ இல்லேன்னா நான் இல்லை" என்றேன்.

"இல்லைன்னாலும் இருப்..." என்று ஆரம்பித்தவர் என் முகத்தைப் பார்த்து நிறுத்திவிட்டார். வாக்கியத்தை அவர் பாதியில் விட்டு நான் பார்த்தது அதுதான் முதல் தடவை. சட்டையை மாட்டிக்கொண்டு எங்கேயோ கிளம்பிப் போனார்.

போன இடம் செம்பூர் என்பது விசாலம் பிற்பாடு சொல்லித்தான் தெரியும். வாசலில் நின்றுகொண்டு, உள்ளே வரவும் மாட்டேன் என்று, "பையன் நல்லவன்" என்றாராம்.

வீடே காத்திருந்தது. மாமா, "ஆனா...?" என்றார்.

"நல்லவன்."

"காலம்பற வேற என்னென்னமோ சொன்னேளே?"

"நல்லவன் மாமா. அவ்வளவுதான்."

மிச்சம் நாக்கு நுனியில் வந்து நின்றிருக்கும் போலிருக்கிறது. கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்டாராம். நெற்றியெல்லாம் வேர்வை. தண்ணீர் கொண்டுவருவதற்குள் விடுவிடுவென்று போயே போய்விட்டார்.

"எனக்கு ஒரு எழவும் புரியலை" என்றாராம் மாமா. "ஆனா ஒருத்தன் இந்தப் பாடு பட்டுண்டு வந்து சொல்றான்னா, குடுக்கலாம்."

கொடுத்தார்.

கல்யாணம் முடிந்து அறையைக் காலி செய்கிற அன்று ரெண்டும்சரி என் பெட்டியை வாசல் வரை தூக்கி வந்தார். "அப்பாடா, தொலைஞ்சே!" என்றார். "போகாதே ஓய்" என்றார். அவரைக் கட்டிக்கொண்டு அழுதுவிட்டேன்.