நாலாவது மாடியில் ஒரு தரைத்தளம்

நம்முடைய பெங்களூரைப் போலவே இன்னொரு பெங்களூர் உண்டு. அங்கேயும் ஸ்ரீராம்புரம் உண்டு, டிராஃபிக் உண்டு, அரசு அலுவலகம் உண்டு. கூடுதலாக, ஏற்றக்காற்று என்று ஒன்று உண்டு. ஐம்பது வருஷத்துக்கு ஒருமுறை அது பூமிக்குள்ளிருந்து கிளம்பி, ஏதாவது ஒரு வீட்டை அப்படியே பெயர்த்து முப்பதடி தூக்கும். அப்புறம் தினம் இரண்டடி ஏற்றும். பிறகு ஒருநாள் சொல்லாமல் கொள்ளாமல் கைவிட்டுவிடும். உள்ளே இருப்பவரும் பிழைக்க மாட்டார், அடியில் இருப்பவரும் பிழைக்க மாட்டார்.

இந்த முறை அது பிடித்தது ரிடையரான துப்புரவு மேஸ்திரி ஜெயராமனின் வீட்டை. காலையில் பால் வாங்கப் போனவர் திரும்பி வந்தால் வீடு அந்தரத்தில் நிற்கிறது. சன்னலில் அவர் மனைவி முத்தம்மா.

"இன்னாயா இது?" என்றாள்.

"பயப்படாதம்மே. ஆபீஸ்ல ஒரு வார்த்த சொல்லிட்டு வந்துர்றேன்" என்றார். முப்பத்தைந்து வருஷம் அரசாங்கச் சம்பளம் வாங்கியவர், பாவம், அப்படித்தான் பேசுவார்.

கிரேன் வேண்டுமென்றால் பேரிடர்ப் பிரிவு அதிகாரி ஸ்ரீலக்ஷ்மி கையெழுத்துப் போட வேண்டும். அவர் ஜெயராமனின் மனுவை மிகுந்த கனிவோடு படித்தார்.

"வெள்ளமா?"

"இல்லீங்க மேடம். வூடு மேல பூட்ச்சி. பொண்டாட்டி உள்ள மாட்டிக்கினா."

"மேல போறது லிஸ்ட்ல இல்லையே. இடிஞ்சி விழுந்தாத்தான் பேரிடர்."

"விழுந்தா அவ செத்துருவாங்க."

"விழுந்த உடனே வாங்க. அன்னிக்கே சாங்ஷன் பண்ணித் தரேன்" என்றார். சொன்னால் செய்கிற அம்மாள்தான், அதில் குறை சொல்ல முடியாது.

ஒரு வாரம் நடையாய் நடந்தார். "நாளெ பன்னி" என்று கன்னடத்தில் நாளைக்கு வரச் சொன்னார்கள், நாளையும் போனார். முத்தம்மா சன்னலிலிருந்து கயிற்றில் கூடை இறக்குவாள். இட்லியும் தண்ணீர் பாட்டிலும் மேலே போகும். கயிறு எட்டாமல் போனதும் புடவையைக் கிழித்து முடிச்சுப் போட்டாள். இனி கிழிக்க ஒரே ஒரு புடவைதான் பாக்கி என்று மேலிருந்து கத்தினாள்.

சனி ஞாயிறில் ஐடி கம்பெனிக்காரர்கள் வந்து வீட்டுக்கு அடியில் பாய் விரித்து யோகா செய்தார்கள். அங்கே உட்கார்ந்தால் மனபாரம் குறைகிறதாம். தலைக்கு மேலே தொங்குகிற பாரம் வேறு இலாகா போலிருக்கிறது.

எட்டாம் நாள் ஜெயராமனுக்குப் புத்தி வந்தது. அரசாங்கம் உதவிக்கு வராது, புகாருக்கு வரும் என்பது அவர் வேலை பார்த்துத் தெரிந்துகொண்ட பாடம். தன் மேலேயே ஒரு மொட்டைக் கடுதாசி எழுதிப் போட்டார்: "ஜெயராமன் என்னும் சமூக விரோதி அனுமதியின்றி மாடி கட்டியுள்ளார்."

ஒரு மணி நேரத்தில் இன்ஸ்பெக்டர் சுனில் ஜீப்பில் வந்து இறங்கினார். அண்ணாந்து பார்த்து அளந்தார்.

"நாப்பத்து நாலு அடி. பெர்மிஷன் தரைத்தளத்துக்குத்தான் இருக்கு. கீழ மூணு மாடியையும் விட்டுட்டு நேரா நாலாவது மாடி கட்டியிருக்கீங்க. என்ன தைரியம்."

"தப்புதாங்க சார். நோட்டீஸ் குடுங்க."

"கையில குடுக்கக் கூடாது, கதவுல ஒட்டணும்" என்று சொல்லி, சுனில் போன் போட்டார். கிரேன் வந்தது.

கிரேன் தொட்டியில் பசை வாளியோடு ஆள் மேலே போனான், ஒட்டினான். அவன் திரும்பும்போது தொட்டியில் முத்தம்மாவும் உட்கார்ந்திருந்தாள்.

"கிரேன்ல பொதுமக்கள் ஏறக் கூடாது" என்று சுனில் கண்டித்தார்.

"நா எங்க சார் ஏறனேன்? எறங்கத்தானே செஞ்சேன்" என்றாள். சுனில் சுற்றறிக்கையைப் புரட்டிப் பார்த்தார். இறங்குவது பற்றி ஒரு வரியும் இல்லை. ஜெயராமன் நடுத்தெருவில் அவள் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார்.

கதை இங்கே முடிந்திருந்தால் நல்ல கதை. சுனில் போகும்போது ஒரு வார்த்தை சொல்லிவிட்டுப் போனார்: "தரைத்தளத்துப் பெர்மிஷன நீங்க இன்னும் உபயோகிக்கவே இல்ல. கீழ காலி மனைதான்."

ஜெயராமன் இரவு முழுக்க யோசித்தார். மறுநாளே செங்கல் வந்து இறங்கியது. இருபது நாளில் ஷீட் போட்ட வீடு எழும்பியது. தெருவே பொறாமையில் வெந்தது. நம்ம வீட்டையும் காற்று தூக்கினால் ஒரு மனை மிச்சமாகுமே என்று எதிர்வீட்டு குணசேகர் கோயிலில் வேண்டிக்கொண்டார்.

கிரகப்பிரவேசத்துக்குத் தெரு முழுக்க வந்தது. ஸ்ரீலக்ஷ்மியும் சுனிலும் முதல் பந்தியில். முத்தம்மா மட்டும் ரோட்டுக்கு அந்தப் பக்கமே நின்றாள்.

"அது கீழ வந்துச்சின்னா?" என்று மேலே காட்டினாள்.

"எப்டி வரும்? நோட்டீஸ்ல அறுபது நாள் டைம் குடுத்துருக்காங்க. அதுவரைக்கும் அத யாரும் இடிக்க முடியாது."

"காத்துக்குப் படிக்கத் தெரியுமாயா? என்ன எறக்கினது இதுக்கு அடியில உக்கார வெக்கத்தானா?"

"ஆபீசருங்களே உக்காந்து சாப்புடறாங்க. உனக்கு மட்டும் இன்னாம்மே?"

முத்தம்மா பந்தியைப் பார்த்தாள். படித்தவர்கள், பதவியில் இருப்பவர்கள், அக்கம்பக்கத்தார் எல்லாரும் நிம்மதியாக மென்றுகொண்டிருந்தார்கள். இத்தனை பேருக்குத் தெரியாததா நமக்குத் தெரிந்துவிட்டது என்று அவளுக்கும் தோன்றிவிட்டது. வந்து ஓரமாக உட்கார்ந்தாள்.

அவள் இலையில் உப்பு வைத்தார்கள். அந்த உப்பின் மேல் உயரத்திலிருந்து கொஞ்சம் சுண்ணாம்பு உதிர்ந்து விழுந்தது. ஜெயராமன் அதைப் புறங்கையால் தட்டிவிட்டு, சோறு கொண்டுவரச் சொன்னார்.