ஒன்பது நிமிடத்துக்கு ஒரு மார்க்

மதிப்புக்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

மோன்தேலாரோவிலிருந்து எஜிஸ்தோ பிராந்தோனி பணிவோடு எழுதுவது. தாங்களும் தங்கள் அலுவலகத்தாரும் நலமாக இருப்பீர்கள். நான் நலமாக இல்லை. அதற்குக் காரணம் தாங்கள்தான்.

நம் ஊர்க் கால்பந்து அணியின் நூறாவது ஆண்டுக்கு வருகிற ஞாயிற்றுக்கிழமை சிறப்பு மலர் போடுகிறீர்களாம். அதில் ஒவ்வொரு ஆட்டக்காரர் பெயருக்கு நேராகவும் தங்கள் பத்திரிகை அன்று போட்ட மார்க், பத்துக்கு இத்தனை என்று வரப்போகிறதாம். கேட்டதிலிருந்து எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. பதினேழு வருடம் அந்த அணியின் இரண்டாவது கோல்கீப்பர் நான். பதினேழு வருடமும் பெஞ்சில் உட்கார்ந்து மழையில் நனைந்து, முதல் கோல்கீப்பர் பெர்த்தினிக்கு ஒரு சளியாவது பிடிக்காதா என்று ஏங்கியவன். அந்த ஆளுக்குத் தும்மல்கூட வராது. கடைசி வருடத்தில், இருபத்திரண்டு வருடத்துக்கு முன்னால் ஒரு ஞாயிறு, ஆட்டம் முடிய ஒன்பது நிமிடம் இருக்கும்போது அவர் தோளைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார், நான் இறங்கினேன். என் விளையாட்டு வாழ்க்கை மொத்தமும் அதுதான். திங்கட்கிழமைப் பத்திரிகையைக் கோல்கீப்பர் தொடக்கூடாது என்பது எங்கள் நம்பிக்கை, தொட்டால் அடுத்த ஆட்டம் போச்சு. அதனால் என் மனைவி லோரெத்தாதான் வாசித்துச் சொல்வாள். அன்றும் அடுப்படியில் நின்று வாசித்தாள்: "பிராந்தோனி, மார்க் இல்லை. ஆடிய நேரம் போதாது." போதாதா? ஐயா, ஒன்பது நிமிடத்தில் முட்டை வெந்துவிடும்!

நேற்றுக் காலை காப்பிக் கடைக்குப் போனால் துல்லியோ ஆரம்பித்துவிட்டான். "வாப்பா, மார்க் இல்லாதவனே! மலர் வரட்டும், உன் பேருக்கு நேரா ஒரு கோடுதான் இருக்கும். சட்டம் போட்டு இங்க மாட்டிடறேன்." பதில் சொல்ல வேகமாகத் திரும்பினேன், முழங்கை தட்டில் பட்டு நாலு கோப்பை பறந்தது. பாய்ந்து மூன்றைப் பிடித்தேன். "பார்த்தியாடா, நாலுல மூணு!" என்றேன். "அன்னிக்கு வந்தது ஒண்ணே ஒண்ணுதானே, அதை விட்டுட்டியே!" என்கிறான் பாவி. கடையே சிரித்தது.

அந்த ஒரு கோலைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். வெயில் நேராகக் கண்ணில் அடித்தது, நம் அணித் தடுப்பாட்டக்காரன் மெங்கோனி முன்னால் வந்து மறைத்துக்கொண்டு நின்றான், தரை ஈரம். பந்து மெதுவாகத்தான் வந்தது, சிக்கலே அங்கேதான். வேகமாக வந்தால் கை தானாகப் போகும். மெதுவாக வந்தால் யோசனை வரும். நான் யோசித்தேன், அது கால் இடுக்கில் போய்விட்டது. ஆனால் அதற்குப் பிறகு ஒரு பந்தை அழகாகப் பிடித்தேன். வெளியே போகிற பந்துதான், இருந்தாலும் பிடித்தேனே?

வீட்டிலும் நிம்மதி இல்லை. பாஸ்தாவுக்குத் தண்ணீர் கொதிக்கிற வரைக்கும்கூட என்னால் ஓர் இடத்தில் உட்கார முடியவில்லை. "எஜிஸ்தோ, தலை சுத்துது, உட்காரேன்! அந்த மலரை விட்டுத் தொலை. ஞாயித்துக்கிழமை பெஸாரோவுல எங்க அக்கா வீட்டுக்குப் போயிடுவோம், அங்க பத்திரிகையே வராது" என்கிறாள் லோரெத்தா. இவளுக்கு எங்கே புரியப்போகிறது! ஆகையால் கேட்கிறேன்: ஆறு போடுங்கள், பள்ளிக்கூடத்தில் தேறுகிற மார்க். ஐந்தரை என்றாலும் சண்டைக்கு வரமாட்டேன். நாலு போட்டாலும் அது ஓர் எண். நான் அந்தப் புல்லில் கால் வைத்தேன் என்பதற்கு வேறு என்ன அத்தாட்சி இருக்கிறது எனக்கு?

தங்கள் பத்திரிகை தழைக்கவும், தங்கள் குடும்பம் சுகமாக இருக்கவும் லொரேத்தோ மாதாவை வேண்டும்,
எஜிஸ்தோ பிராந்தோனி

பி.கு.: உறை வாங்கி வந்த லோரெத்தா, மேலே எழுதியதை வாசித்துவிட்டு அப்படியே நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள். பிறகு போய், மேசை விரிப்புகளுக்கு அடியிலிருந்து அந்தப் பழைய பக்கத்தை எடுத்து வந்து என் முன்னால் வைத்தாள். மார்க் இருக்கிறது. மூன்று. கீழே ஒரு வரியும் இருக்கிறது: "பந்து வருவதைப் பார்த்தார், போவதையும் பார்த்தார்." "எப்படி வாசிப்பேன் நான்? கையில காப்பியோட என் மூஞ்சியவே பார்த்துக்கிட்டு நின்னே. வாயில வந்ததைச் சொல்லிட்டேன்" என்று அழுகிறாள். அன்று காலையே கடை கடையாகப் போய், யாரும் மூச்சுவிடக் கூடாது என்று சொல்லி வைத்தாளாம். துல்லியோவுக்குத் தெரியுமாம். ஊருக்கே தெரியுமாம். இருபத்திரண்டு வருடமாக ஒருத்தன் வாய் திறக்கவில்லை.

ஆகையால் ஆறு வேண்டாம், நாலும் வேண்டாம். மலரில் என் பெயருக்கு நேராக 'மார்க் இல்லை' என்றே தயவுசெய்து போடுங்கள். என் மனைவி அப்படித்தான் வாசித்தாள்.